கூடையில் ஏறிய பேர்

மீன்வரத்து மாதம், 24

மூட்டை கட்டி வாசலில் வைத்தாகிவிட்டது. நாளை காலை படியேறி முகட்டூருக்குப் போகிறேன். பள்ளத்துறையில் பிள்ளைத்தாய்ச்சிகள் எல்லோரும் செய்வதுதான். பனி இறங்குமுன் மேலே போய், பிள்ளையைப் பெற்று, பேரைச் சொல்லி, பனி விலகியதும் இறங்கி வருவது. அக்கா ஆடுகளோடு முன்னமே ஏறிவிட்டாள். நானும் அவளோடு போயிருக்க வேண்டும். ஓடம் ஒன்றின் மூக்கில் வரைந்துகொண்டிருந்த சுறா பாதியில் நின்றதால் தங்கிவிட்டேன். கடைப்பலகைக்கும் ஓடத்துக்கும் படவெழுத்து வரைவது என் பிழைப்பு. பாதிச் சுறாவை விட்டுவிட்டுப் போக எனக்கு மனம் வராது.

சுறா நன்றாக வந்திருக்கிறது. பல் கொஞ்சம் அதிகம்.

மீன்வரத்து மாதம், 25

பனி இறங்கிவிட்டது.

மீன்வரத்து மாதம், 26

இத்தனை சீக்கிரம் அது வந்ததாக யாருக்கும் நினைவில்லை. எதிர்வீட்டு மருத்துவச்சி வந்து வயிற்றைத் தொட்டுப் பார்த்தாள். அடுத்த மாதம் பாதிக்கு மேல்தான் என்றாள். சொல்லி முடிப்பதற்குள் அவள் குரல் உடைந்தது. பனியால் குரல் உடைகிற அன்று சொல்லின் தலை மட்டும் வெளியே வரும், வால் காற்றாகப் போகும். ஊரே அன்று தலைச்சொல் பேசும். தலையை வைத்தே எல்லாம் புரிந்துகொள்வோம். சாயங்காலத்துக்குள் அதுவும் போய்விடும்.

எனக்குப் பிற்பகலில் போனது. கடைசியாக என்ன சொன்னேன் என்று யோசித்துப் பார்த்தேன். உலை பொங்குகிறது, கண் எங்கே போனது என்று என்னைக் கட்டிய அவனைப் பார்த்துக் கத்தினேன். வேறு ஏதாவது நல்லதாகச் சொல்லியிருக்கலாம்.

இனி இரண்டு மாதத்துக்குக் காது கேட்கும், பேச்சு வராது. பனியை மூச்சில் வாங்கியவர்களை மேலே விட்டால் தங்களுக்கும் குரல் போய்விடும் என்று முகட்டூர்க்காரர்கள், படிவாசலில் கல்லை உருட்டி வைத்துவிட்டார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். நாங்கள் சைகையில் சண்டைகூடப் போடுவோம். பேர் வைப்பதற்குத்தான் சைகை உதவாது.

எங்கள் பேர்களுக்குப் பொருள் கிடையாது. பொருள் உள்ள பேரைப் பனி தின்றுவிடும் என்பது ஐதீகம். ஆகவே வெறும் ஓசையாக ஒரு பேரைத் தாய் நினைத்து, பிள்ளையோடு சேர்த்துச் சுமப்பாள். பிறக்கும்வரை யாரிடமும் சொல்லக் கூடாது. பிறந்தபின், தொப்புள்கொடி உலர்ந்து விழுவதற்குள், அந்தப் பேர் ஒரு மனிதக் குரலில் பிள்ளையின் காதில் விழ வேண்டும். விழாவிட்டால் பிள்ளை பனிக்குச் சொந்தம். பனிமடத்திலிருந்து தொட்டில்கூடையோடு வந்து வாங்கிப் போவார்கள்.

படவெழுத்தில் பொருளைத்தான் வரையலாம். பொருளே இல்லாத ஓசையை எதைக் கொண்டு வரைவது? இந்த ஏட்டிலேயே அக்கா, மருத்துவச்சி, அவன் என்றுதான் இருக்கிறது. ஒருவருக்கும் பேர் இல்லை. அவர்கள் சொன்னதன் பொருளை எழுதியிருக்கிறேனே தவிர, சொன்னபடி எழுத முடியவில்லை.

ஒரு சுறாவுக்காக. என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருக்கிறது.

மீன்வரத்து மாதம், 28

அக்கா எதையாவது ஒரு பேரை மேலிருந்து கத்தட்டும், நீ அதுதான் என்று தலையாட்டிவிடு என்று மருத்துவச்சி சைகை காட்டினாள். நல்ல மனதோடு சொன்னாள். முடியாது என்று தலையசைத்தேன்.

அவன் பனிமடத்தில் வளர்ந்தவன். அங்கே அவனுக்கு ஏழெட்டுப் பேர் வைத்துப் பார்த்தார்களாம். ஒன்றும் ஒட்டவில்லை. எதற்கும் அவன் திரும்பியதில்லை. சுமக்காத பேர் ஒட்டாது என்பது இதுதான். ஊரில் அவனை ஏய் என்பார்கள், இந்தா என்பார்கள். அக்கா, இந்தாப்பா என்பாள். எதற்கும் கோபித்துக்கொள்ள மாட்டான். கூட்டத்தில் யார் யாரை ஏய் என்று கூப்பிட்டாலும் ஒருமுறை தலையை நிமிர்த்திப் பார்த்துவிட்டு, தனக்கில்லை என்று தெரிந்ததும் வேலையைப் பார்ப்பான். அதைப் பார்க்க எனக்குத்தான் பொறுக்காது.

இன்று முழுக்கத் தொட்டிலுக்கு மரம் இழைத்தான். மடத்துக் கூடையைப் பற்றி இருவரும் பேசிக்கொள்ளவில்லை.

குரலடங்கு மாதம், 1

மீன் கழுவிக்கொண்டிருந்தேன். தலையை வெட்டித் தனியே வைத்ததும் கை நின்றுவிட்டது.

குரல் உடைகிற அன்று ஊரே தலைச்சொல் பேசுகிறதே. அதை ஏன் வரையக் கூடாது? மீனை வரைய வேண்டும், ஆனால் மீன் என்ற பொருளை விட்டுவிட வேண்டும். அந்தச் சொல்லின் தலையில் இருக்கும் ஓசையை மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டும். ஒரு மீன், ஒரு கோழி, ஒரு வாளி. மூன்றின் தலையையும் சேர்த்தால் என் அக்கா!

மீனை அப்படியே போட்டுவிட்டு எழுந்து ஆடியிருப்பேன். வயிறு விடவில்லை. பூனை மீனைக் கொண்டுபோனதைப் பிறகுதான் பார்த்தேன்.

இதை அக்கா படித்துவிட்டால் போதும். அவளுக்குக் குரல் இருக்கிறது. மேலிருந்து அவள் கத்துவது பள்ளம் முழுக்கக் கேட்கும், சாதாரண நாளிலேயே கேட்கும். சாமான் ஏற்றும் கூடைக்கயிறு ஓலையைக் கொண்டுபோகும். கயிற்றை ஒருமுறை இழுத்தால் மேலே மணி ஒருமுறை அடிக்கும், அது ஆம். இருமுறை இழுத்தால் இல்லை.

குரலடங்கு மாதம், 3

மீன், கோழி, வாளி வரைந்து அனுப்பினேன். கூடை திரும்பி வந்தது. உள்ளே ஒரு மீன், ஒரு கோழி, ஒரு வாளி.

குரலடங்கு மாதம், 4

மறுபடியும் அதையே வரைந்து, பக்கத்தில் அக்காவின் முகத்தையும் வரைந்து அனுப்பினேன். இன்னொரு கோழி வந்தது. மேலிருந்து நெடுநேரம் திட்டினாள். திட்டியதன் பொருள், பிள்ளைத்தாய்ச்சிக்கு ஆசை இருக்கலாம், இவ்வளவு பேராசை ஆகாது என்பது.

நான் அழுதேன். இரண்டு கோழியும் முற்றத்தில் சுகமாக மேய்கின்றன.

குரலடங்கு மாதம், 6

அவனுக்கு நேற்றே எல்லாவற்றையும் விளக்கிவிட்டேன். உடனே புரிந்துகொண்டான். பேர் இல்லாதவனுக்கு இது புரிவதில் ஆச்சரியம் என்ன?

இன்று நான் படுத்திருந்தபோது அவனாகவே ஒரு வேலை செய்தான். ஒரு கோழியை அறுத்துக் குழம்புக்குப் போட்டான். மீனின் தலையையும் கோழியின் தலையையும் வாளியின் கைப்பிடியையும் வரிசையாகக் கூடையில் கட்டி, மேலே என் ஓலையைச் செருகி அனுப்பிவிட்டான். எழுந்து வந்து பார்த்தபோது கூடை போய்விட்டது. அக்கா இதைப் பார்த்தால் இனிமேல் உப்புகூட அனுப்ப மாட்டாள் என்று தலையில் அடித்துக்கொண்டேன்.

குழம்பு நன்றாக இருந்தது.

குரலடங்கு மாதம், 7

அக்காவிடமிருந்து ஒன்றும் இல்லை. கிணற்றில் போட்ட கல்.

குரலடங்கு மாதம், 8

விடிந்தும் விடியாததுமாக மேலிருந்து சத்தம். இந்த ஏட்டில் முதல்முறையாக ஒருவர் சொன்னதைச் சொன்னபடி எழுதுகிறேன். படங்கள் போதவில்லை, வழியிலேயே புதிது புதிதாகச் செய்துகொள்கிறேன்.

"அடியே! மீன் தலை, கோழித் தலை, வாளித் தலை! மீ… கோ… வா! மீகோவா! அது நான்டீ! என் பேருடீ அது!"

அவனும் நானும் போட்டி போட்டுக்கொண்டு கயிற்றை இழுத்தோம். ஒருமுறை என்பது மறந்து போய் மணி ஓயாமல் அடித்தது.

"ஆமாவா இல்லையாடீ? ஒழுங்கா இழு!"

ஒழுங்காக ஒருமுறை இழுத்தேன். பிறகு அக்காவின் குரல் வேறுமாதிரி வந்தது. "என் பேரை நான் பார்த்ததே இல்லடீ பூநெசா. நம்ம அம்மா பார்த்திருந்தா எப்படி இருந்திருக்கும்!"

பூநெசா என்பது நான். பூட்டு, நெல், சாவி.

குரலடங்கு மாதம், 11

எழுத்து பெருகிக்கொண்டே போகிறது. தினமும் ஒரு ஓலை மேலே போகிறது. அக்கா படித்துக் கத்துகிறாள், நான் மணியில் திருத்துகிறேன். சுறாவுக்குப் பல் வைத்ததுபோல் முதலில் எல்லாப் படத்துக்கும் செதில், இறகு என்று வரைந்துகொண்டிருந்தேன். இப்போது மீனுக்கு இரண்டு கோடு, வாளிக்கு ஒரு வளைவு. அவசரத்தில் அழகு பார்க்க முடியுமா?

ஊரும் மோப்பம் பிடித்துவிட்டது. தங்கள் பேர் எப்படி இருக்கும் என்று பார்க்க வாசலில் வந்து நிற்கிறார்கள். மருத்துவச்சிக்குத் தொட்டில், பெட்டி, நுங்கு வரைந்து கொடுத்தேன். தொபெநு. இதெல்லாம் எதற்கு என்பதுபோல் கையை உதறினாள். போகும்போது ஓலையை இடுப்பில் செருகிக்கொண்டு போனாள்.

அவன் வந்தவர்களுக்கெல்லாம் ஓலை நறுக்கிக் கொடுத்தான். தனக்கென்று ஒன்றும் கேட்கவில்லை. என்ன கேட்பான்?

ஓலை ஒன்று கூடுதலாகச் செலவாகிவிட்டது. எதற்கு என்று இங்கே எழுதப்போவதில்லை.

குரலடங்கு மாதம், 14

சிக்கல். பிள்ளைக்கு நான் சுமக்கிற பேரின் முதல் ஓசைக்கு ஒரு படமும் இல்லை. அந்த ஓசையில் தொடங்கும் பண்டம் இல்லை, பறவை இல்லை, மரம் இல்லை. மூக்குக்குள்ளே, தொண்டைக்குப் பக்கத்தில் பிறக்கிற ஓசை. ஊரில் எத்தனை நல்ல ஓசை இருக்கிறது, இப்படி ஒன்றை நினைக்கச் சொல்லி என்னை யார் கேட்டது? இப்போது மாற்றவும் முடியாது. இத்தனை மாதம் சுமந்தாகிவிட்டது.

குரலடங்கு மாதம், 15

அவனிடம் மூக்கையும் தொண்டையையும் தொட்டுக் காட்டி, இங்கே பிறக்கிற ஓசைக்கு ஒரு பொருள் வேண்டும் என்றேன். உளியைக் கீழே வைத்துவிட்டு வெகுநேரம் யோசித்தான். பிறகு கரித்துண்டை எடுத்துத் தரையில் ஒரு வட்டம் வரைந்தான். அதற்குள் மூடிய இரண்டு கண், திறந்த ஒரு வாய்.

அழுகிற பச்சைப்பிள்ளை. மடத்தில் இரவும் பகலும் அவன் கேட்டு வளர்ந்த சத்தம் அதுதான். பேர் வைக்காத பிள்ளைகள் எல்லாம் முதலில் சொல்வது ங்ஙா.

அவன் தலையை மடியில் வைத்துக்கொண்டேன். இரண்டு பேருக்கும் குரல் இல்லாதது அப்போது நல்லதாகப் போயிற்று.

இந்த எழுத்தை மட்டும் அக்காவிடம் சொல்லிப் பார்க்கச் சொல்ல முடியாது. சொன்னால் பேரின் தலையைப் பிறக்குமுன் சொன்னதாகிவிடும்.

குரலடங்கு மாதம், 18

முதுகு வலி. பாத்திரம் மலைபோல் கிடக்கிறது. மிச்சக் கோழி முட்டையிட்டது.

குரலடங்கு மாதம், 20

பெண். என்னைப்போல் மூக்கு. எழுத உட்கார முடியவில்லை.

குரலடங்கு மாதம், 22

பனிமடத்துப் பெரியவர் காலையிலேயே வந்துவிட்டார். முதுகில் காலித் தொட்டில்கூடை. கெட்டவர் இல்லை. அவனைப் பார்த்ததும் தோளைத் தட்டினார். அவனை வளர்த்தவர் அவர்தானாம். பிள்ளையின் கொடியைப் பார்த்தார். பாதிக்கு மேல் உலர்ந்துவிட்டது. விழும்வரை இருப்பேன் என்று சைகை காட்டிவிட்டுக் கூடைக்கயிறு தொங்கும் மேடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

ஓலையைக் கூடையில் வைத்து ஏற்றினேன். அழுகிற பிள்ளை, வேலி, மிளகு. நான் மேடையில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவன் பிள்ளையைப் போர்த்தி வைத்திருந்தான். ஊரே வந்து நின்றது. அக்கா ஓலையை எடுத்த சத்தம்கூடக் கேட்டதுபோல் இருந்தது.

"பிறந்துட்டியா என் ராசாத்தி! பெரியம்மா கூப்பிடுறேன், கேட்டுக்கோ. பி… வே… மி. பிவேமி!"

அழுகிற முகத்தைப் பிள்ளை என்று படித்துவிட்டாள். இருமுறை இழுத்தேன்.

"இல்லையா? பிள்ளை, வேலி, மிளகு. சரியாத்தானடீ படிக்கிறேன்? அப்ப குழந்தையா? குவேமி?"

இருமுறை.

"பாப்பாவா? பாவேமி?"

இருமுறை. மடத்துப் பெரியவர் தலையைக் குனிந்துகொண்டார். மருத்துவச்சி தொபெநு என் முழங்கையைப் பிடித்து, ஒருமுறை இழு, ஒருமுறை இழுத்துவிடு என்று கண்ணாலேயே கெஞ்சினாள். மேலே அக்கா அழ ஆரம்பித்துவிட்டாள்.

"பூநெசா, எனக்கு ஒண்ணும் புரியலடீ! எதுக்காச்சும் ஒருதரம் இழுத்துத் தொலையேன்! கொடி விழுந்துட்டா என்னடீ பண்ணுவ? பிள்ளையைத் தூக்கிக் குடுத்துருவியா?"

உண்மையைச் சொல்கிறேன். என் கை ஒருமுறை இழுக்கத்தான் போனது. பிவேமி என்ன அவ்வளவு மோசமான பேரா? வீட்டில் இருக்குமே, என் பிள்ளையாக இருக்குமே. அப்போது அவனைப் பார்த்தேன். யாரையோ ஏய் என்று கூப்பிட்டால் நிமிர்ந்து பார்ப்பானே, அந்த முகம். இழுக்கவில்லை.

அவன் மேடையின் விளிம்புக்குப் போனான். பிள்ளையின் போர்வையை ஒரே இழுப்பாக உருவி எடுத்துவிட்டான். அந்தக் குளிரில்! பைத்தியமா பிடித்திருக்கிறது என்று பாய்ந்தேன். அவன் பிள்ளையை இரண்டு கையாலும் உயரத் தூக்கிப் பிடித்தான்.

பனி பேச்சைத்தான் தின்னும். அழுகையைத் தொடாது. என் மகள் கால் உதைத்து, முகம் சிவந்து, பள்ளம் அதிர அழுதாள்.

ங்ஙா. ங்ஙா. ங்ஙா.

மேலே அக்கா மெதுவாகத்தான் தொடங்கினாள்.

"ஙா…? அழுகைடீ! பிள்ளை இல்ல, அழுகை! ஙா… வே… மி. ஙாவேமி! ஙாவேமி! அடி என் தங்கமே, ஙாவேமி!"

நான் கயிற்றை ஒருமுறை இழுத்துவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டேன். ஒருமுறைதான் இழுத்தேன், மேலே மணி மட்டும் வெகுநேரம் அடித்தது. அக்காவே அடித்திருப்பாள். அவன் பிள்ளையைப் போர்த்தித் தன் சட்டைக்குள் வைத்துக்கொண்டான். தன் பேரைத் தானே சொல்லிக் கொடுத்த பிள்ளையை எங்கள் ஊர் இதுவரை பார்த்ததில்லை.

மடத்துப் பெரியவர் எழுந்து வந்து ஙாவேமியின் நெற்றியைத் தொட்டார். பிறகு என்னிடம் கை நீட்டினார். எழுத்துகள் எல்லாம் உள்ள ஓலையைக் கேட்டார். அதைத் தொட்டில்கூடையில் பத்திரமாகப் படுக்கவைத்து எடுத்துப் போனார். மடத்தில் இருக்கும் பிள்ளைகளுக்கு எங்கோ தாய்மார்கள் இருக்கிறார்கள், அவர்கள் சுமந்த பேர்கள் இன்னும் வாய்க்குள்ளேயே இருக்கின்றன.

குரலடங்கு மாதம், 25

கொடி விழுந்தது. விழட்டும்.

குரலடங்கு மாதம், 27

அன்று கூடுதலாகச் செலவான ஓலையை இன்று எடுத்தேன். யானை, நிலா, வேலி. கூடையில் வை என்று அவனிடமே கொடுத்தேன். எழுத்து அவனுக்கு இப்போது தண்ணீர்பட்ட பாடு. விரலை வைத்துப் படித்தான். வேலியில் விரல் நின்றது, மகளின் பேரிலும் அது இருக்கிறதே. யார் இது என்று கையால் கேட்டான். துணி ஈரமாகக் கிடக்கிறது, ஓலையை ஏற்றிவிட்டுப் போய் உலர்த்து என்று சைகை காட்டினேன்.

எனக்குப் பயம்தான். அவனைச் சுமந்தவள் ஒரு பேரை நினைத்தாளோ என்னவோ. நான் அவன் வீட்டுக்கு வந்த முதல் நாளிலிருந்து இதைச் சுமக்கிறேன். அது கணக்கில் சேருமா என்று வழக்கத்தில் எங்கும் இல்லை. ஒட்டாமல் போனால் மடத்தில் வைத்த பேர்களோடு இதுவும் ஒன்றாகப் போகும்.

"இது யாருடீ?" என்றாள் அக்கா மேலிருந்து. "இன்னொண்ணு பெத்துட்டியா, சொல்லாம கொள்ளாம?"

இருமுறை இழுத்தேன். என் அக்கா முன்கோபக்காரி, முட்டாள் இல்லை.

"சரிடீ" என்றாள். தொண்டையைச் செருமிக்கொண்டாள். "யாநிவே!"

அவன் கொடியில் துணி போட்டுக்கொண்டிருந்தான். திரும்பவில்லை.

"யாநிவே!"

கையில் இருந்த துணி அப்படியே நின்றது.

"யாநிவே, தம்பி, உன்னைத்தான்யா!"

திரும்பினான். மேலே பனியைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான். ஈரக் கையைத் தன் நெஞ்சில் வைத்து, நானா என்று கேட்டான்.

நான் கயிற்றை ஒருமுறை இழுத்தேன்.

சத்தம் கேட்டுத்தான் திரும்பியிருப்பான் என்று சொல்பவர்கள் சொல்லிக்கொள்ளட்டும். அதற்குப் பிறகு அக்கா சும்மா சும்மா நாலைந்து தடவை கூப்பிட்டாள். ஒவ்வொரு தடவையும் திரும்பினான். ஒவ்வொரு தடவையும் அழுதான்.

இப்போது ஙாவேமி தூங்குகிறாள். யாநிவே அடுப்பில் உலை வைத்துவிட்டு, ஓலையை மடியில் வைத்துப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருக்கிறான். உலை பொங்கப்போகிறது. பனி விலகிக் குரல் வரட்டும், இந்த முறை பேர் சொல்லிக் கத்துகிறேன்.